பெட்டி நகர்த்தும் பொறி: அதன் இயக்கமும் காவலும்

தேர்த் திருவிழாவன்று மணல் வீதியில் தேர் அசைவதைக் கண்டோர் ஓருண்மையை அறிவர். அசையாது நிற்கும் தேரை அசைத்தற்கு நூற்றுக்கணக்கானோர் வடம் பிடித்தல் வேண்டும்; அது போதாதவிடத்துப் பின்னின்று நெம்புவோரின் உதவியும் வேண்டும். ஆனால், வடம் தளர்ந்ததும் தேர் சிறிது தூரத்துள் தானாகவே நின்றுவிடுகின்றது. அசைத்தற்கு அரியது நிறுத்துதற்கு எளிதாகின்றது. இரும்புப் பாதையில் உருளும் சரக்குப் பெட்டியின் இயல்போ இதற்கு நேர்மாறானது. தேரினும் பாரம் மிக்க பெட்டியையும் சிறியதொரு பொறி தனித்து நகர்த்திவிடும். நகர்ந்த பெட்டியை வேண்டிய இடத்தில் நிறுத்துதலே அரிது. தொழிற்சாலைகளில் சரக்குப் பெட்டிகளை நகர்த்தும் பொறிகளைக் கையாளுதற்கு வகுக்கப்பட்ட விதிகளுட் பெரும்பாலானவை இவ்வொரு பௌதிக உண்மையிலிருந்தே பிறந்தவை. விதிகளை வெறுமனே மனனஞ் செய்பவன் ஒருநாள் மறப்பான். அவற்றின் காரணத்தை உணர்ந்தவன் மறவான். ஆதலின், அப்பொறியின் அமைப்பையும், அதனை ஆபத்தின்றி இயக்கும் முறையையும், அதனைப் பேணும் முறையையும் காரணகாரியத் தொடர்போடு விளக்குதல் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பொறியின் தேவையும் தோற்றமும்

அமெரிக்க ஐக்கிய நாடுகள் போன்ற பெருநிலப் பரப்புடைய நாடுகளில் தானியக் களஞ்சியங்கள், சீமெந்து ஆலைகள், இரசாயனத் தொழிற்சாலைகள், மர ஆலைகள் முதலியவற்றுட் பல தமக்கெனக் கிளைத் தண்டவாளங்களை உடையன. புகையிரதக் கம்பனியின் எஞ்சின் சரக்குப் பெட்டிகளைக் கொணர்ந்து அக்கிளைப் பாதையில் விட்டுச் செல்லும். அதன்பின் ஒவ்வொரு பெட்டியையும் நிரப்பும் இடத்துக்கோ, இறக்கும் இடத்துக்கோ, நிறுக்கும் தராசுக்கோ கொண்டுசெல்லுதல் ஆலையாரின் பொறுப்பாகும். நாளொன்றுக்குச் சில நாழிகையே நடைபெறும் இவ்வேலைக்கெனப் பெரிய எஞ்சின் ஒன்றை வாங்கி வைத்திருத்தல் எல்லா ஆலைகளுக்கும் இயல்வதன்று.

முற்காலத்தில் இவ்வேலையைக் குதிரைகள் செய்தன. சில இடங்களில் வடக்கயிறு சுற்றும் உருளைகள் பெட்டிகளை இழுத்தன. பெட்டியின் சில்லுக்கும் தண்டவாளத்துக்கும் இடையில் அலவாங்கு போன்ற நெம்புகோலொன்றைச் செருகி, ஒருவனே பெட்டியைச் சிறிது சிறிதாக நகர்த்துவதும் உண்டு. ஒரு மனிதனின் கைவலி இத்துணைப் பெரிய பாரத்தை அசைக்கவல்லதாயிருந்தமையே இரும்புப் பாதையின் இயல்பை நன்கு காட்டுவதாகும்.

1948ஆம் ஆண்டில் இல்லினோய் மாநிலத்திலுள்ள ஹார்வி நகரத்து வைற்றிங் கம்பனியார் ‘ட்ராக்மொபைல்’ என்னும் பொறியை அறிமுகஞ் செய்தனர். இப்பொறி இருவகைச் சில்லுகளை உடையது. றப்பர்ச் சில்லுகளால் அது தரையில் லொறிபோல் ஓடும். தண்டவாளத்தின்மேல் வந்து நின்றதும் உருக்குச் சில்லுகளால் எஞ்சின்போல் ஓடும். நீரழுத்தப் பொறிமுறையினால் ஒருவகைச் சில்லு இறங்க மற்றையது மேலெழும். ஆகவே, ஒரு பாதையில் பெட்டிகள் வழிமறித்து நின்றாலும், பொறி தண்டவாளத்தை விட்டிறங்கித் தரைவழியே சுற்றிச் சென்று மறுபக்கத்தில் மீண்டும் ஏறிக்கொள்ளும்.

வேறு வகைப் பொறிகளும் பின்னர் வழக்கில் வந்தன. அவற்றுள் ஒருசாரன, தண்டவாளத்தின் மீதும் றப்பர்ச் சில்லுகளாலேயே உந்தப்படுவன. முன்னும் பின்னும் அமைந்த சிறிய உருக்குச் சில்லுகள் வண்டி பாதை விலகாது வழிகாட்டுதல் மட்டுமே செய்யும். ஜேர்மனியிற் பெயர்பெற்ற ‘யுனிமொக்’ வண்டிக்கும் இத்தகைய வழிகாட்டிச் சில்லுகளைப் பொருத்திப் பயன்படுத்துவர். மின்கலத்தால் இயங்குவனவும், சாரதி கீழே நின்றவாறே தொலைவிலிருந்து இயக்கத்தக்கனவும் இன்று உள. இவை அனைத்தையும் ‘நகர்த்தி’ என்னும் ஒரு சொல்லாற் குறித்தல் விளக்கத்துக்கு எளிதாகும்.

கடனாகப் பெறும் பாரம்

நகர்த்தி ஒன்றின் எஞ்சின் எத்துணை வலிமையுடையதாயினும், அதன் சில்லு தண்டவாளத்தைப் பற்றும் அளவுக்கு மேல் அது இழுக்கமாட்டாது. பற்று மிஞ்சினால் சில்லு நின்ற இடத்திலேயே சுழலும். அப்பற்று இரண்டைப் பொறுத்தது. ஒன்று, சில்லின்மேல் அழுந்தும் பாரம். மற்றையது, சில்லும் தண்டவாளமும் தொடுமிடத்தின் உராய்வுக் குணகம். உலர்ந்த தண்டவாளத்தில் உருக்குச் சில்லுக்கு இக்குணகம் ஏறத்தாழ 0.25 எனக் கொள்ளலாம். ஆகவே, 15 தொன் பாரமுள்ள நகர்த்தி தன் சொந்தப் பாரத்தைக்கொண்டு 3.75 தொன் விசையோடு மாத்திரமே இழுக்கவல்லது.

இக்குறையை நிவிர்த்தி செய்தற்கு ‘ட்ராக்மொபைல்’ பொறியில் நுண்ணியதோர் உபாயம் கையாளப்பட்டது. பெட்டியோடு இணையும் அதன் கொளுவி, நீரழுத்தத்தால் மேலெழுந்து, பெட்டியின் கொளுவியைச் சற்றே தூக்கிப் பிடிக்கும். அதனால் பெட்டியின் பாரத்தில் ஒரு பகுதி நகர்த்தியின் சில்லுகளின்மேல் வந்து சேரும். 15 தொன் பாரம் இவ்வாறு கடனாகக் கிடைத்ததென்று வைத்துக்கொள்வோம். அப்பொழுது நகர்த்தி 30 தொன் பாரமுள்ளதுபோலப் பற்றி, 7.5 தொன் விசையோடு இழுக்கும். இழுக்கப்படும் பொருளே இழுப்பதற்கு வேண்டிய வலிமையை உதவுகின்றது.

இவ்வுபாயத்தில் அடங்கிய எச்சரிக்கையும் உண்டு. பாரம் நிறைந்த பெட்டியிடமே இக்கடனைத் தாராளமாகப் பெறலாம். வெறும் பெட்டியை அளவுமீறித் தூக்கினால் அதன் சில்லு தண்டவாளத்தினின்றும் எழும்பித் தடம்புரளக் கூடும். பாதை வளையுமிடத்தில் இவ்வபாயம் இன்னும் பெரிது. மேலும், கொளுவி கழன்ற கணமே கடனாகப் பெற்ற பாரம் முழுவதும் நீங்கிவிடும். பெட்டியைக் கழற்றியபின் நகர்த்தியின் பற்று முன்போலிருக்கும் என்று எண்ணி விரைந்தோட்டுதல் கூடாது.

றப்பர்ச் சில்லால் உந்தப்படும் நகர்த்திகள் வேறொரு வழியிற் பற்றைப் பெறுகின்றன. உலர்ந்த தண்டவாளத்தில் றப்பர் உருக்கினும் மிகுதியாகப் பற்றும். ஆயின், நீரும் பனிக்கட்டியும் சிந்திய எண்ணெயும் அப்பற்றை வெகுவாகக் குறைத்துவிடும். இருவகைப் பொறிகளிலும் சில்லின் முன்னே உலர்மணலைத் தூவும் குழாய்கள் அமைக்கப்படுதல் இதன் பொருட்டேயாம்.

நகர்தலும் நிற்றலும்

இனி, இழுக்கப்படும் பெட்டியின் தன்மையை நோக்குதல் வேண்டும். வட அமெரிக்கப் பாதைகளில் இன்று ஓடும் நான்கு அச்சுச் சரக்குப் பெட்டி பாரம் நிறைந்த நிலையில் 286,000 இறாத்தல் வரை, அதாவது ஏறத்தாழ 130 தொன் வரை, நிறையுடையதாகலாம். உருளைப் போதிகைகள் பொருந்திய அத்தகைய பெட்டி சமதளத்தில் மெல்ல ஓடுகையில் தொன்னொன்றுக்கு ஏறத்தாழ 2 அல்லது 3 கிலோகிராம் தடை விசையே தோன்றும். 130 தொன்னுக்கும் சேர்த்து அஃது 325 கிலோகிராம் அளவினது. நின்ற பெட்டியை அசைக்கும்போது இதனினும் மிகுந்த விசை வேண்டும். ஓடத் தொடங்கியபின் மிகச் சிறு விசையே போதும்.

பாதை சரிவாயின் கணக்கு முற்றிலும் மாறிவிடும். நூற்றுக்கு ஒன்று என்ற சரிவில், பாரத்தின் நூற்றிலொரு பங்கு, அதாவது தொன்னொன்றுக்கு 10 கிலோகிராம் விசை, பெட்டியைக் கீழ்நோக்கி இழுக்கும். நானூற்றுக்கு ஒன்று என்ற சரிவில் அவ்விசை தொன்னொன்றுக்கு இரண்டரைக் கிலோகிராம் ஆகும். இஃது ஓடும் பெட்டியின் தடைவிசைக்குச் சமமானது. நானூற்றுக்கு ஒன்று என்பது 100 மீற்றர் நீளத்தில் 25 சதமமீற்றர், ஏறத்தாழ ஒரு சாண் அளவு தாழ்தலாகும். இத்தாழ்வைக் கண் அறியாது. பார்வைக்குச் சமதளமாகத் தோன்றும் ஆலை முற்றத்தில், ஒருமுறை தட்டுண்ட பெட்டி நில்லாமல் ஓடிக்கொண்டேயிருத்தற்கு இவ்வொரு சாண் போதுமானது. ‘சமதளந்தானே, பெட்டி ஓடாது’ என்னும் நம்பிக்கை ஆபத்தானது என்பதற்கு வேறு சான்று வேண்டா.

மேற்கூறிய 15 தொன் நகர்த்தி, பாரக் கடன் பெறாமல், தலா 130 தொன் நிறையுள்ள 10 பெட்டிகளை மணிக்கு 6 கிலோமீற்றர் வேகத்தில், அஃதாவது ஒருவர் விரைந்து நடக்கும் வேகத்தில், கொண்டு செல்கின்றதென்று கொள்வோம். பெட்டிகளின் பிறேக்குகள் இணைக்கப்படவில்லை. நகர்த்தியின் பிறேக்கு மட்டுமே உண்டு. நானூற்றுக்கு ஒன்று என்ற அச்சிறு சரிவில் இறங்குகையில் பிறேக்கை முழுவதும் இட்டாலும் நிற்பதற்கு ஏறத்தாழ 50 மீற்றர் தூரம் வேண்டும். தண்டவாளம் நனைந்து உராய்வுக் குணகம் 0.1 ஆகக் குறைந்தால் அத்தூரம் 125 மீற்றராகும். நூற்றுக்கு ஒன்று என்ற சரிவிலோ, பெட்டிகளின் தடைவிசையைக் கழித்தபின்னும் ஏறத்தாழ 10 தொன் விசை கீழ்நோக்கி இழுக்க, நகர்த்தியின் சில்லுகள் 3.75 தொன்னே எதிர்க்கவல்லன. அங்கே பொறி பெட்டிகளை நிறுத்தாது. பெட்டிகளே பொறியை இழுத்துச் செல்லும். உலர்ந்த சமதளத்தில் எளிதாக இழுத்த பெட்டிகளின் தொகையையே நனைந்த சரிவிலும் இழுக்கத் துணிதல் எத்துணைப் பேதைமை என்பதை இக்கணக்குப் புலப்படுத்தும். ஒவ்வொரு பாதைக்கும் ஒவ்வொரு வானிலைக்கும் எத்தனை பெட்டி என்பதை முன்னரே கணித்து வரையறுத்தல் வேண்டும். எத்தனை பெட்டியை இழுக்கலாம் என்பது அவ்வரையறையன்று. எத்தனை பெட்டியை நிறுத்தலாம் என்பதே அவ்வரையறை.

வேகத்தின் கேடும் இவ்வாறே. இயங்கும் பொருளின் சக்தி அதன் திணிவையும் வேகத்தின் வர்க்கத்தையும் பொறுத்தது. மணிக்கு 6 கிலோமீற்றர் வேகத்தில் உருளும் 130 தொன் பெட்டியின் சக்தி, மணிக்கு 60 கிலோமீற்றர் வேகத்தில் ஓடும் 1.3 தொன் மோட்டார் வண்டியின் சக்திக்குச் சமமானது. மோட்டார் வண்டி அவ்வேகத்தில் வருங்கால் யாவரும் விலகுவர். பெட்டி நடைவேகத்தில் வருவதைக் கண்டு விலகுவார் சிலரே. பெட்டிகளைக் கொளுவும்போது நடைவேகத்தினும் குறைந்த வேகத்திலேயே அணுகுதல் வேண்டும் என்னும் விதி இதனாற் பிறந்தது. வேகம் இருமடங்காயின் மோதலின் சக்தி நான்மடங்காகும்.

பிறேக்கின் இயல்பு

பெட்டியில் இருவகைப் பிறேக்குகள் உள. ஒன்று காற்றுப் பிறேக்கு, மற்றையது கைப்பிறேக்கு. இவற்றின் வேற்றுமையைச் செவ்வனே அறியாமையே பெரும் விபத்துக்கள் பலவற்றுக்குக் காரணமாயிருந்தது.

ஜோர்ஜ் வெஸ்ரிங்ஹவுஸ் என்பார் 1869ஆம் ஆண்டில் காற்றுப் பிறேக்கையும், பின்னர் 1872இல் தானியங்கும் காற்றுப் பிறேக்கையும் ஆக்கியளித்தார். பின்னையதில் பெட்டிதோறும் ஒரு காற்றுக்கலம் உண்டு. பெட்டிகளைத் தொடுக்கும் குழாயில் அழுத்தம் நிறைந்திருக்கும்வரை பிறேக்கு விடுபட்டிருக்கும். அழுத்தம் குறைந்தால், கலத்திலுள்ள காற்றுப் பாய்ந்து பிறேக்கை இறுக்கும். ஆகவே, குழாய் அறுந்தாலும் பெட்டிகள் பிரிந்தாலும் பிறேக்குத் தானாகவே விழும். பல பெட்டிகளைச் சரிவில் நகர்த்தும்போது நகர்த்தியின் காற்றமுக்கியோடு பெட்டிகளின் குழாயை இணைத்து, அழுத்தம் நிறையும்வரை காத்திருந்து, கடைசிப் பெட்டியின் பிறேக்கும் இறுகி விடுபடுகின்றதா என்பதைக் கண்ணாற் கண்டபின்னரே புறப்படுதல் வேண்டும். குழாயை இணைத்ததனால் மட்டும் பிறேக்கு உண்டாவதில்லை.

இவ்வமைப்பின் அருமையை ஆமா நகர விபத்துக் காட்டிற்று. 1889ஆம் ஆண்டு யூன் 12ஆந் திகதி, அயர்லாந்திலுள்ள அந்நகரிலிருந்து ஞாயிறு பாடசாலைப் பிள்ளைகளையும் பெற்றோரையும் ஏற்றிச்சென்ற சுற்றுலாப் புகைவண்டி ஏற்றமொன்றில் ஏறமாட்டாது நின்றது. வண்டியை இரு கூறாக்கி முற்கூற்றை முதலில் மேலே கொண்டுசெல்ல முடிவாயிற்று. அவ்வண்டியின் வெற்றிடப் பிறேக்கு தானியங்குவதன்று. இணைப்புக் கழன்றதும் பிற்கூற்றின் பிறேக்கு விடுபட்டது. கடைசிப் பெட்டியின் கைப்பிறேக்கும், சில்லுகளின்கீழ் இடப்பட்ட கற்களுமே அதனைத் தாங்கி நின்றன. முற்கூறு புறப்படுகையில் சிறிது பின்வாங்கித் தட்டிற்று. கற்கள் நொறுங்கின. பெட்டிகள் சரிவில் ஓடிப் பின்னே வந்த மற்றொரு வண்டியோடு மோதின. ஏறத்தாழ 80 பேர் மாண்டனர். பிரயாணிகள் வண்டிகளில் தானியங்கும் தொடர்ப் பிறேக்கு இருத்தல் வேண்டும் என்னும் சட்டம் அதே ஆண்டில் நிறைவேறிற்று. பொருத்தமான உருக்குத் தடைக்கட்டைக்குப் பதிலாகக் கல்லையோ மரத்துண்டையோ சில்லின்கீழ் இடும் வழக்கம் எங்கே காணப்படினும் இந்நிகழ்ச்சி நினைவுகூரத்தக்கது.

ஆயினும் தானியங்கும் காற்றுப் பிறேக்குக்கும் ஓர் எல்லை உண்டு. காற்றுக் கசியும் இயல்பினது. நிறுத்திவிடப்பட்ட பெட்டியைக் காற்று நெடுநேரம் தாங்கிநிற்கும் என்று நம்புதல் ஆகாது. நிற்கும் பெட்டிக்குக் கைப்பிறேக்கே காவல். கனடா நாட்டின் கியூபெக் மாகாணத்தில் 2013ஆம் ஆண்டு யூலை மாதம் நிகழ்ந்த பேரழிவு இதற்குத் துயரமான சான்றாகும். மசகெண்ணெய் நிரம்பிய 72 தாங்கிப் பெட்டிகளைக் கொண்ட புகைவண்டியொன்று நாந்த் என்னுமிடத்தில் சரிவான பாதையில் இரவு நிறுத்தப்பட்டது. எஞ்சின்கள் உட்பட 7 ஊர்திகளின் கைப்பிறேக்குகளே இறுக்கப்பட்டன. அவை போதுமா என்று சோதித்தபொழுது எஞ்சின்களின் காற்றுப் பிறேக்கு விடுவிக்கப்படவில்லை. ஆதலால் சோதனை பொய்யான நிம்மதியைத் தந்தது. பின்னர் எஞ்சினொன்றில் தீப்பற்றியது. தீயணைப்போர் அவ்வெஞ்சினை நிறுத்தினர். காற்றமுக்கி நின்றது, காற்று மெல்லக் கசிந்தது, கைப்பிறேக்குகள் தனித்துத் தாங்கமாட்டாமல் வண்டி உருளத் தொடங்கியது. ஏறத்தாழ 11 கிலோமீற்றர் தூரம் ஆளின்றி ஓடி, மணிக்கு 100 கிலோமீற்றருக்கும் மேற்பட்ட வேகத்தோடு, யூலை 6ஆந் திகதி அதிகாலையில் லாக் மெகான்ரிக் நகர நடுவிலே தடம்புரண்டு தீப்பற்றியது. 47 பேர் உயிரிழந்தனர். அவ்வண்டியைத் தாங்குதற்குக் குறைந்தது 17 கைப்பிறேக்குகளும், நிலைமையைப் பொறுத்து 26 வரையும் வேண்டியிருந்தன என்று நாட்டின் போக்குவரத்துப் பாதுகாப்புச் சபை பின்னர் கண்டறிந்தது.

அது பெரும்பாதையில் ஓடிய நெடுவண்டி. எனினும் அதன் பாடம் ஆலை முற்றத்துக்கும் பொருந்தும். நகர்த்தியைக் கழற்று முன்னர்க் கைப்பிறேக்குகளை இறுக்குதல் வேண்டும். பின்னர்க் காற்றுப் பிறேக்கையும் நகர்த்தியின் பிறேக்கையும் விடுவித்து, பெட்டிகளைச் சற்றே தள்ளியும் இழுத்தும் பார்த்து, கைப்பிறேக்குகள் தனித்தே தாங்குகின்றன என்பதை உறுதிசெய்தல் வேண்டும். வேறொரு பிறேக்கு உடன் இறுகியிருக்கும்பொழுது செய்யும் சோதனை சோதனையாகாது. அதன்மேலும் தடைக்கட்டை இடுதலும், பெரும்பாதையை நோக்கிச் சரியும் கிளைப்பாதைகளில் தப்பியோடும் பெட்டியைத் தடம் இறக்கிவிடும் கருவியைப் பூட்டிவைத்தலும் இரண்டாங் காவலாகும்.

பெட்டிகளிடையே மனிதன்

பத்தொன்பதாம் நூற்றாண்டில் அமெரிக்கப் பெட்டிகள் வளையமும் ஆணியுங் கொண்டு இணைக்கப்பட்டன. அணுகிவரும் பெட்டிகளுக்கிடையே நின்று ஒருவன் வளையத்தைச் செலுத்தி ஆணியை இடுதல் வேண்டும். அவ்வேலையில் விரல்களையும் உயிரையும் இழந்தோர் மிகப் பலர். ஈலை ஜானி என்பார் மோதியவுடன் தானே பூட்டிக்கொள்ளும் கொளுவிக்கு 1873இல் உரிமை பெற்றார். 1893இல் இயற்றப்பட்ட புகையிரதப் பாதுகாப்புச் சட்டம் தானே பூட்டும் கொளுவிகளையும் தொடர்ப் பிறேக்குகளையும் கட்டாயமாக்கியது. மனிதன் பெட்டிகளுக்கிடையே போகவேண்டிய தேவையைக் குறைத்தலே அச்சட்டத்தின் உட்கருத்தாகும்.

தேவை குறைந்ததேயன்றி ஒழியவில்லை. காற்றுக் குழாயை இணைப்பதற்கும் கோணிய கொளுவியை நேராக்குவதற்கும் இன்றும் ஒருவன் இடையே செல்கின்றான். அவன் செல்லு முன்னர் நகர்த்தி முற்றாக நிற்றல் வேண்டும்; அதன் பிறேக்கு இறுகுதல் வேண்டும்; இயக்கும் பிடி நடுநிலையில் வைக்கப்படுதல் வேண்டும்; இவை செய்யப்பட்டன என்று சாரதி வாய்மொழியாற் சொல்லுதல் வேண்டும். சாரதி அவன் வெளியே வந்ததைத் தானே கண்டோ, அவன் சொல்லக் கேட்டோ அன்றிப் பொறியை அசைத்தல் கூடாது. அசையும் பெட்டியின் கொளுவியைக் காலால் உதைத்துச் சரிசெய்ய முயலுதல் எக்காலும் ஆகாது. தண்டவாளத்தைக் கடப்போர் நிற்கும் பெட்டியின் முனையை ஒட்டிச் செல்லாது, பல அடி விலகிச் செல்லுதல் வேண்டும். எவரும் தொடாத பெட்டியும் மறுமுனையிற் பெற்ற தட்டினால் அசையக் கூடும்.

பெட்டியை நிரப்புவோரும் இறக்குவோரும் பெட்டியின் மேலும் கீழும் உள்ளும் நிற்பர். அவர்களைச் சாரதி காணமாட்டான். ஆதலால் அவர்கள் வேலைசெய்யும் பாதையின் முனையில் நீலக்கொடி நாட்டும் மரபு அமெரிக்கப் புகையிரதங்களில் விதியாகவே உண்டு. நீலக்கொடி நிற்கும்வரை பெட்டியை அசைத்தலும் அதனோடு வேறு பெட்டியைக் கொளுவுதலும் ஆகா. கொடியை நாட்டிய தொழிலாளர் குழுவினரே அதனை அகற்றுதற்குரியர். மேலாளர் அவசரப்படினும், சாரதி ‘அங்கே எவருமில்லை’ என்று எண்ணினும், கொடி அவர்களுக்குக் கட்டுப்படுவதில்லை. எவனுடைய உயிர் இடர்ப்படுமோ அவன் கையிலேயே அவ்வுயிரின் காவல் ஒப்படைக்கப்பட்டுள்ளது.

பெட்டிகளை முன்னே தள்ளிச் செல்லும்போது சாரதி பாதையைக் காணான். முன்முனையில் நிற்பவனே அவனுக்குக் கண். அவ்விருவரும் கைவானொலியாற் பேசிக்கொள்வதாயின், எத்தனை பெட்டி நீளத்துக்குப் பாதை வெறுமையாக உள்ளது என்பதைத் தூரத்தோடு சொல்லுதல் வேண்டும். அவ்வாறு சொல்லப்பட்ட தூரத்திற் பாதியைக் கடக்குமுன் அடுத்த சொல் வராவிடின் வண்டி நிறுத்தப்படுதல் வேண்டும் என்பது அமெரிக்கப் புகையிரத விதி. மௌனத்தைச் சம்மதமாகக் கொள்ளாமல் ஆபத்தின் அறிகுறியாகக் கொள்ளுதலே இவ்விதியின் நுட்பம்.

அந்நாட்டில் பெட்டி மாற்றும் வேலையில் நேர்ந்த மரணங்களை ஆராய்ந்த குழுவொன்று 1999இல் ஐந்து பரிந்துரைகளை வெளியிட்டது. வேலை தொடங்குமுன் பெட்டியை அசையாது நிலைநிறுத்துக. அசையும் பெட்டிகளினின்று தொழிலாளரைக் காத்திடுக. வேலையின் தொடக்கத்திலும் வேலை மாறும்பொழுதும் ஆபத்துக்களைக் கலந்து பேசுக. செயலுக்கு முன்னே சொல்லுக. அனுபவம் குறைந்தோரைப் பழக்குக என்பன அவை. இவற்றுட் பெரும்பாலானவற்றுக்குப் புதிய கருவி எதுவும் வேண்டியதில்லை என்பது சிந்திக்கத்தக்கது.

தரையிலிருந்து தண்டவாளத்துக்கு

நகர்த்திக்கே உரிய ஓர் ஆபத்து அது தண்டவாளத்தில் ஏறும் வேளையில் உண்டாகின்றது. ஏறுமிடம் தண்டவாளத்தின் மேல்மட்டத்துக்குச் சமமாகத் தளமிடப்பட்டு, நேரான பாதையில், போதிய நீளமுடையதாக அமைதல் வேண்டும். தண்டவாளத்தை ஒட்டியுள்ள பள்ளத்தில் மண், தானியம், பனிக்கட்டி முதலியன இறுகிக் கிடந்தால், சில்லின் விளிம்பு அதன்மேல் ஏறித் தடம்புரளும். சில்லுகளை இறக்கியபின் சாரதி கீழிறங்கி, ஒவ்வொரு சில்லும் தண்டவாளத்தில் ஒழுங்காக அமர்ந்துள்ளதா என்பதை நேரிற் பார்த்தல் வேண்டும். தடம்புரண்ட நகர்த்தியை மீட்க அரைநாள் செல்லும். இறங்கிப் பார்க்கச் சில கணமே செல்லும். ஏறும்போதும் இறங்கும்போதும் இரு கைகளும் இரு கால்களுமாகிய நான்கில் மூன்று எப்பொழுதும் பொறியைப் பற்றியிருத்தலும், ஓடும் பொறியினின்று குதியாதிருத்தலும் பழக்கமாதல் வேண்டும்.

பொறியைப் பேணுதல்

பராமரிப்பு என்பது பழுதானதைத் திருத்துதல் என்று பலர் எண்ணுவர். நகர்த்தியைப் பொறுத்தமட்டில் அது பாதுகாப்பின் முதற்படியாகும். ஒவ்வொரு நாளும் வேலை தொடங்குமுன் சாரதி பொறியைச் சுற்றிவந்து பார்த்தல் வேண்டும். எஞ்சின் எண்ணெய், குளிர்விக்கும் நீர், நீரழுத்த எண்ணெய் ஆகியவற்றின் மட்டம், நிலத்தில் புதிதாகக் காணப்படும் ஒழுக்கு, றப்பர்ச் சில்லுகளின் காற்றழுத்தம், உருக்குச் சில்லுகளின் விளிம்புத் தேய்வு, பிறேக்குக் கட்டைகள், கொளுவியின் நகமும் பூட்டாணியும், ஊதுகுழல், விளக்கு, தீயணைக்கும் கருவி என்பன அப்பார்வையில் அடங்கும். றப்பர்ச் சில்லால் உந்தப்படும் பொறியில் இடப்புற வலப்புறச் சில்லுகளின் அழுத்தம் ஒத்திராவிடின், பற்று ஒருபுறம் சாய்ந்து வழிகாட்டிச் சில்லுகள் விரைந்து தேயும்.

மூன்று சிறு செய்திகள் சிறப்பாக நோக்கத்தக்கன. முதலாவது, மணல். மணற்பெட்டியில் ஈரம் புகுந்தால் மணல் கட்டியாகிக் குழாயை அடைக்கும். மழை நாளிலேதான் மணல் வேண்டும். மழை நாளிலேதான் அது அடைபடும். ஆகவே உலர்மணலே இடப்படுகின்றதா, குழாய் சில்லின் முன்னே நேராக நோக்கியுள்ளதா என்பதை வறண்ட நாளிலேயே சோதித்தல் வேண்டும். இரண்டாவது, காற்றுக்கலத்தில் தங்கும் நீர். அமுக்கப்பட்ட காற்றிலுள்ள ஈரம் குளிர்ந்து நீராகிக் கலத்தின் அடியில் தேங்கும். அதனை நாடோறும் வடிக்காவிடின் காற்றுக்குரிய இடத்தை நீர் கவரும். குளிர்நாடுகளில் அந்நீர் உறைந்து குழாயை அடைத்துப் பிறேக்கைச் செயலற்றதாக்கும். மூன்றாவது, நீரழுத்தக் குழாயின் நுண்துளை. பேரழுத்தத்தோடு ஊசிமுனையளவு துளையினூடாகப் பீறிடும் எண்ணெய் தோலைத் துளைத்து உடலினுட் செல்லவல்லது. காயம் சிறு புள்ளியாகவே தோன்றும். உள்ளே சதை அழுகும். காலந்தாழ்ந்தால் விரலோ கையோ இழக்கப்படலாம். ஆதலால் ஒழுக்கு இருக்குமிடத்தைக் கையால் தடவித் தேடாது, கடதாசி அட்டையொன்றைப் பிடித்தே கண்டறிதல் வேண்டும். அவ்வாறு காயமுற்றவனை உடனே வைத்தியசாலைக்கு அனுப்புதல் வேண்டும்.

பொறியைத் திருத்துவோனின் காவலும் முக்கியமானது. எஞ்சினை நிறுத்தியதனால் மட்டும் ஆபத்து நீங்காது. நீரழுத்தக் குழாயிலும் காற்றுக்கலத்திலும் அழுத்தம் தங்கியிருக்கும். உயர்த்திய சில்லும் கொளுவியும் பாரத்தால் விழக் காத்திருக்கும். மின்கலம் தன் வலிமையை இழந்திராது. இவற்றை ஒவ்வொன்றாகத் தணித்து, உயர்ந்த பாகங்களுக்கு உறுதியான முட்டுக்கொடுத்து, இயக்கும் ஆளியைப் பூட்டி, பூட்டியவனின் பெயர் தாங்கிய சீட்டைத் தொங்கவிடுதல் வேண்டும். இப்பூட்டுமுறையை அமெரிக்கத் தொழிற்பாதுகாப்பு ஆட்சியகம் 1989இல் தொழிற்சாலைகளுக்குரிய விதியாக வெளியிட்டது. பூட்டின் திறப்பு வேலைசெய்பவனின் சட்டைப்பையிலேயே இருத்தல் வேண்டும் என்பது அம்முறையின் உயிர்நாடி. நீலக்கொடியின் தத்துவமே இங்குப் பூட்டாக உருமாறியுள்ளது.

காணப்பட்ட குறைகளை எழுதிவைக்கும் நாட்குறிப்பும் பொறியின் ஓர் உறுப்பே எனலாம். காலையில் சாரதி கண்ட சிறு ஒழுக்கு எழுதப்படாவிடின், மாலையில் வரும் சாரதிக்கு அது இல்லாததாகும். பிறேக்கு, கொளுவி, ஊதுகுழல் ஆகியவற்றிற் குறை கண்டால், அது தீரும்வரை பொறியை வேலைக்கு எடாதிருத்தற்குச் சாரதிக்கு அதிகாரம் வேண்டும். குறையை எழுதும் உரிமை மட்டும் தந்து, நிறுத்தும் உரிமையைத் தராத ஆலையில் நாட்குறிப்பு வெறுங் கடதாசியேயாகும்.

முடிவுரை

உருக்குச் சில்லும் உருக்குத் தண்டவாளமும் சேர்ந்து உராய்வைக் குறைத்தமை மனிதனுக்குக் கிடைத்த பெரும் நன்மையாகும். நூற்றுவர் இழுக்கவேண்டிய பாரத்தை ஒருவன் நகர்த்துவது அதனால் இயல்கின்றது. ஆனால், நகர்த்துதற்குத் துணையான உராய்வுக் குறைவு நிறுத்துதற்குத் துணையாவதில்லை. அந்த நூற்றுவரின் கைகள் நீங்கியவிடத்து, எண்ணிக் கணித்த பாரம், சோதித்து இறுக்கிய கைப்பிறேக்கு, நாட்டிய நீலக்கொடி, வடித்த காற்றுக்கலம் என்பன காவல் நிற்கின்றன. இவற்றுள் எதனையும் அவசரம் ஈடுசெய்யமாட்டாது. ஒரு பெட்டி நிரம்புவதற்குச் சிறிது காலந்தாழ்ந்தால் ஆலைக்குண்டாகும் நட்டத்தை மறுநாள் தீர்த்துக்கொள்ளலாம். பெட்டிகளிடையே அகப்பட்டவனின் குடும்பத்துக்கு உண்டாகும் நட்டத்தைத் தீர்க்க எந்நாளும் போதாது. பொறியின் இயல்பை அறிந்து அதற்கியைய ஒழுகுதலே அதனை ஆளுதற்குரிய வழியாகும்.